வெட்டியது போக…

சினிமாக் கொட்டகைக்குப் போகும் வழக்கமுள்ள நேயர்களை ஒரு கேள்வி கேட்கிறேன். நீங்கள் கடைசியாகப் பார்த்த படத்தில் கதாநாயகன் யார்? பாட்டு எழுதியவர் யார்? டைரக்டர் யார்? எல்லாவற்றுக்கும் பட்டென்று பதில் சொல்வீர்கள். சரி, அந்தப் படத்தை எடிட் செய்தவர் யார்?

பார்த்தீர்களா, யோசிக்க ஆரம்பித்துவிட்டீர்கள்!

குற்றம் உங்கள் பேரில் இல்லை. 'படத்தொகுப்பு' என்ற எழுத்து திரையில் வரும் சமயத்தில் நம்மில் பாதிப் பேர் இருட்டில் நாற்காலி நம்பரைத் தடவிக்கொண்டிருக்கிறோம். மீதிப் பேர் முறுக்குப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டிருக்கிறோம். அந்தத் தொழிலின் விசித்திரமும் அதுதான். எடிட்டர் வேலையை நன்றாகச் செய்தால் அது ஒருவர் கண்ணிலும் படாது. கண்ணில் பட்டதென்றால் எங்கேயோ கோளாறு என்று அர்த்தம்.

கதைப் படத்து எடிட்டரின் பாடே இப்படி என்றால், டாகுமெண்டரி எடிட்டரின் பாட்டைக் கேட்கவே வேண்டாம். முன்பெல்லாம் கொட்டகைகளில் மெயின் படத்துக்கு முன்னால் சர்க்கார் படம் ஒன்று போடுவார்களே, பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கும். 1948-ல் ஆரம்பித்த பிலிம்ஸ் டிவிஷன் எடுத்து அனுப்பிய படங்கள் அவை. எங்கேயாவது வெள்ளம் வந்திருக்கும்; அல்லது மந்திரி ஒருவர் அணைக்கட்டைத் திறந்து வைத்துக்கொண்டிருப்பார். வேர்க்க விறுவிறுக்க ஓடி வருகிற நாம், "நல்ல வேளை, படம் இன்னும் போடவில்லை!" என்று பெருமூச்சு விடுவோம். அந்த வெள்ளத்தையும் அணைக்கட்டையும் பத்து நிமிஷத்துக்குள் அடக்குவதற்கு ஒரு மனுஷன் இரவு பகலாய்க் கண் விழித்திருப்பானே என்பது நம் நினைவில் தோன்றியதே இல்லை.

அப்படிப்பட்ட தொழிலுக்குத்தான் போவேன் என்று என் அக்கா மகன் பிடிவாதமாக நிற்கிறான். அவனுக்கு வயது 22. ஊர் ஆம்பூர்.

ஆம்பூர் என்றதும் உங்களுக்குப் பிரியாணி நினைவு வந்திருக்கும். தவறில்லை. ஆனால் ஊருக்குச் சோறு போடுவது பிரியாணி அல்ல, தோல். ராணிப்பேட்டை, மேல்விஷாரம், பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி என்று பாலாற்றங்கரை நெடுக ஒரே தொழில்தான். 2019-ல் வேலூர் மாவட்டத்தை மூன்றாகப் பிரித்தார்களே தவிர, அந்தத் தோல் வாசனையைப் பிரிக்க முடியவில்லை. மூன்று மாவட்டத்திலும் அது இருக்கிறது. அக்கா வீட்டுக்காரரும் தோல் தொழிற்சாலைக்காரர்தான். சுண்ணாம்புத் தொட்டியில் ஆரம்பித்து, 26 வருஷ உழைப்புக்குப் பிறகு தோலைத் தரம் பிரிக்கிற மேஜைக்கு வந்திருக்கிறார். மகன் ஷூ கம்பெனியில் சூபர்வைசராக உட்கார வேண்டும் என்பது அவர் கண்ட கனவு. மகனோ கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து பாலாற்றைப் பற்றிப் படம் தொகுத்துக்கொண்டிருக்கிறான்.

அக்காவிடமிருந்து எனக்கு டெலிபோன் வந்தது.

"பத்திரிகைக்காரன் நீதான் அவன் மூளையைக் கெடுத்திருப்பே. நீயே வந்து சரி பண்ணு!"

போனேன். சாப்பாடு ஆனதும் விசாரணை ஆரம்பமாயிற்று. அக்கா ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். ஆனால் அது வக்கீல் கேள்வி.

"இந்த டாகுமெண்டரி வேலை பார்த்து முன்னுக்கு வந்த நம்ம தமிழ் ஆளு ஒருத்தரைச் சொல்லுடா தம்பி, பார்க்கலாம்."

அவளுக்கு நான் சொன்ன பதிலைத்தான் நேயர்களுக்கும் சொல்ல வந்திருக்கிறேன்.

* * *

அதற்கு முன்னால், தோலுக்கும் சினிமாவுக்கும் உள்ள உறவைச் சொல்லிவிடுகிறேன். பிலிம் சுருள் என்பது வெறும் கண்ணாடி மாதிரியான பட்டை அல்ல. அதன் மேல் ஒரு மெல்லிய பூச்சு இருக்கிறது. வெளிச்சம் பட்டால் மாறும் வெள்ளி உப்பை ஜெலட்டின் என்ற பசையில் கலந்து பூசுகிறார்கள். உருவம் பதிவது அதில்தான். அந்த ஜெலட்டின் எங்கிருந்து வருகிறது? மாட்டுத் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கிறார்கள்!

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. ஒரு தடவை வாங்கிய ஜெலட்டினில் படம் பளிச்சென்று விழும். இன்னொரு தடவை வாங்கியதில் மங்கலாக இருக்கும். காரணம் தெரியாமல் தவித்தார்கள். 1920-களில் கோடாக் கம்பெனியைச் சேர்ந்த ஷெப்பர்டு என்ற விஞ்ஞானி அந்த ரகசியத்தைக் கண்டுபிடித்தார். மாடு கடுகுச் செடி மாதிரியான தழைகளைத் தின்றிருந்தால், அதிலுள்ள கந்தகப் பொருள் ஜெலட்டினில் வந்து சேர்ந்து, பிலிமுக்குக் கூர்மையைக் கொடுக்கிறதாம். ஹாலிவுட் நட்சத்திரங்கள் ஜொலித்ததற்கு எங்கேயோ ஒரு மாடு கடுகுச் செடி மேய்ந்தது காரணம்!

இதைக் கேட்டதும் அக்கா வீட்டுக்காரர் முதல் முறையாக நிமிர்ந்து உட்கார்ந்தார். "அப்ப சினிமாவும் நம்ம தொழில்தான்னு சொல்லு மச்சான்" என்றார்.

நம்ம தொழில் மட்டுமல்ல, நம்ம ஊரும்தான். தமிழ்நாட்டின் முதல் கதைப் படமான 'கீசக வத'த்தை எடுத்த ஆர். நடராஜ முதலியார் வேலூரில் பிறந்தவர். மோட்டார் வியாபாரம் செய்துகொண்டிருந்த அவருக்குப் படமெடுக்கும் ஆசை வந்தது. கர்ஸன் பிரபுவைப் பற்றிப் படமெடுக்க வந்திருந்த ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்காரரிடம் காமிராவைச் சுற்றக் கற்றுக்கொண்டார். ஆக, தமிழ் சினிமாவுக்கு ஹரி ஸ்ரீ எழுதிக் கொடுத்தவரே ஒரு டாகுமெண்டரிக்காரர்தான். நூறு வருஷத்துக்கு முந்திய அந்தக் 'கீசக வதம்' இன்று ஓர் அடி கூட மிச்சமில்லை. இந்த விஷயத்துக்குக் கடைசியில் வருகிறேன்.

* * *

அக்கா கேட்ட கேள்விக்கு உரிய மனிதர் ஏ. கே. செட்டியார். 1911-ல் காரைக்குடிக்குப் பக்கத்தில் கோட்டையூரில் பிறந்தவர். கருப்பன் செட்டியார் என்பது முழுப் பெயர். நகரத்தார் குடும்பத்துப் பிள்ளைகள் வட்டிக்கடையில் உட்கார ரங்கூனுக்குப் போன காலத்தில், இவர் அங்கே போய் 'தனவணிகன்' என்ற பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தார். பிறகு ஜப்பானுக்குப் போய் டோக்கியோவில் போட்டோக் கலை படித்தார். அதற்குப் பிறகு நியூயார்க்கிலும் படித்தார்.

1937-ம் வருஷம் அக்டோபர் 2-ம் தேதி. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குப் போகும் கப்பலில் செட்டியார் பிரயாணம் செய்துகொண்டிருந்தார். அன்று காந்திஜியின் பிறந்த நாள். நடுக்கடலில் அவருக்கு ஓர் யோசனை பிறந்தது. காந்திஜியின் வாழ்க்கையை டாகுமெண்டரியாக எடுத்தால் என்ன?

அப்போது அவருக்கு வயது 26 கூட முழுசாக ஆகவில்லை. கையில் ஸ்டுடியோ கிடையாது. காந்திஜி சினிமாவுக்கு சிநேகிதரும் அல்ல. இந்தியாவில் சர்க்காரோ வெள்ளைக்காரன் சர்க்கார். இப்படி ஒரு நிலைமையில் உங்கள் வீட்டுப் பையன் இந்த யோசனையோடு வந்து நின்றால் என்ன சொல்வீர்கள்? "போய் வேலையைப் பாரடா" என்பீர்கள். செட்டியார் அதையே தம்முடைய வேலையாக்கிக்கொண்டார். 'டாகுமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்' என்று ஒரு கம்பெனியை ஆரம்பித்தார்.

இந்த இடத்தில் ஒரு சந்தேகம் வரலாம். காந்திஜி அப்போது உயிரோடு இருந்தார். காமிராவைத் தூக்கிக்கொண்டு போய் நாலு நாள் படம் பிடித்துவிட்டால் போதாதா? போதாது. 1937-ல் காமிரா வைத்தால் 1937-ம் வருஷத்துக் காந்திதான் கிடைப்பார். தென்னாப்பிரிக்காவில் வக்கீலாக இருந்த காந்தி, தண்டிக்கு நடந்த காந்தி, 1931-ல் வட்டமேஜை மகாநாட்டுக்காக லண்டன் குளிரில் நடமாடிய காந்தி எல்லாரும் வேண்டுமென்றால், அன்றைக்கு அங்கே நின்ற யாராவது படம் எடுத்திருக்க வேண்டும். அந்தப் பிலிம் யாரிடம் இருக்கிறது என்று தேடிப் பிடிக்க வேண்டும். தண்டி யாத்திரைப் படங்களையோ 1930-லேயே இங்கே தடை செய்துவிட்டார்கள். நம்முடைய சரித்திரம் அயல்நாட்டுச் செய்திப்படக் கம்பெனிகளின் அலமாரிகளில் தகர டப்பாக்களுக்குள் கிடந்தது.

செட்டியார் புறப்பட்டார். நாலு கண்டங்களைச் சுற்றினார். கம்பெனி கம்பெனியாக ஏறி இறங்கினார். டப்பா டப்பாவாகப் போட்டுப் பார்த்தார். வேண்டிய இடத்தில் தாமே படம் பிடிக்கவும் ஏற்பாடு செய்தார். அந்தக் காலத்துப் பிலிம், நெருப்புப் பொறி பட்டால் குபீரென்று பற்றிக்கொள்ளும் நைட்ரேட் ஜாதி. போதாக்குறைக்கு 1939-ல் உலக யுத்தமும் மூண்டது. முடிவில் அவர் சேர்த்தது சுமார் 50,000 அடி. 30 வருஷ காலத்தில் சுமார் 100 காமிராக்காரர்கள் எடுத்தவை!

இப்போதுதான் எடிட்டர் மேஜைக்கு வருகிறோம்.

* * *

50,000 அடி என்றால் எவ்வளவு? 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 படங்கள். பேசும் படம் விநாடிக்கு 24 படம் வீதம் ஓடும். ஆகவே ஒரு நிமிஷத்துக்கு 90 அடி. கணக்குப் போட்டுப் பாருங்கள். 50,000 அடியை ஓட்டினால் ஒன்பதே கால் மணி நேரம் ஆகும். செட்டியார் கடைசியில் வைத்துக்கொண்டது 12,000 அடி; அதாவது ஏறக்குறைய இரண்டே கால் மணி. மீதி 38,000 அடியை ஒதுக்கினார். கடல் கடந்து கெஞ்சிக் கூத்தாடி வாங்கி வந்த ஏழு மணி நேரப் படத்தை, "நீ வேண்டாம், நீ வேண்டாம்" என்று தள்ளி வைக்க எவ்வளவு கல் நெஞ்சு வேண்டும்!

சரி, எதை வைப்பது, எதைத் தள்ளுவது? நூறு பேர் எடுத்த படம் என்றால் நூறு விதமாக இருக்கும். ஒன்று வெளுத்திருக்கும், ஒன்று கறுத்திருக்கும். இன்னொன்றில் மழை பெய்கிற மாதிரிக் கீறல் விழுந்திருக்கும். மௌனப் பட காலத்தில் காமிராவைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்குப் பதினாறு பதினெட்டு படம்தான் பதிவாகும். அதைப் பேசும் பட மிஷினில் ஓட்டினால் எல்லாரும் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவர்கள் மாதிரித் துடுதுடுவென்று நடப்பார்கள். மகாத்மாவே ஆனாலும் சிரிப்பு வந்துவிடும். பழைய படங்களைத் தொகுக்கிறவர்களுக்கெல்லாம் இது தீராத தலைவலி.

இதைவிடப் பெரிய தலைவலி ஒன்று உண்டு. ருஷ்யாவில் குலஷோவ் என்ற டைரக்டர் சுமார் நூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு சோதனை செய்தார். ஒரு நடிகரின் முகத்தை எடுத்தார். அதில் சிரிப்பும் இல்லை, அழுகையும் இல்லை. அந்த முகத்துக்குப் பக்கத்தில் சூப்புக் கிண்ணத்தை ஒட்டினார். பார்த்தவர்கள், "அடடா, எவ்வளவு பசி!" என்றார்கள். அதே முகத்துக்குப் பக்கத்தில் இறந்து கிடக்கும் குழந்தையை ஒட்டினார். "ஐயோ, எவ்வளவு துக்கம்!" என்றார்கள். முகம் மாறவே இல்லை. பக்கத்தில் இருந்ததுதான் மாறியது.

கதைப் படத்தில் இது சாமர்த்தியம். டாகுமெண்டரியில் இதே சாமர்த்தியம் ஒரு மனிதன் தலையில் இடியைப் போட்டுவிடும். அவன் வருத்தப்படாததற்கு வருத்தப்பட்டான் என்றும், சொல்லாததைச் சொன்னான் என்றும் காட்டிவிடலாம். அதனால்தான் இந்தத் தொழிலில் கத்தரிக்கோலைப் பிடிக்கும் கைக்கு மனச்சாட்சியும் வேண்டியிருக்கிறது.

படம் 1940-ம் வருஷம் ஆகஸ்டு 23-ம் தேதி தமிழ் விளக்கத்தோடு வெளிவந்தது. பிறகு தெலுங்கிலும் வந்தது. உலகத்தில் எந்தத் தலைவருக்கும் லேசில் கிடைக்காத டாகுமெண்டரியை ஒரு தமிழர் தமிழிலே எடுத்துக் காட்டினார். அப்புறம் என்ன ஆயிற்று? யுத்த காலம், வெள்ளைக்கார சர்க்கார். எந்த நிமிஷம் படத்தைப் பறிமுதல் செய்வார்களோ என்ற பயத்தில் படத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ள வேண்டியதாயிற்று.

ஏழு வருஷம் அது வெளிச்சம் பார்க்கவில்லை. 1947 ஆகஸ்டில், சுதந்தரம் வந்த சமயத்தில், டில்லியில் ஹிந்தி விளக்கத்தோடு காட்டினார்கள். 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலப் பதிப்பு தயாராயிற்று.

செட்டியாரோ அதற்குள் பழையபடி பத்திரிகைக்காரராகிவிட்டார். 1943-லிருந்து 1983-ல் காலமாகும் வரை 'குமரி மலர்' என்ற பத்திரிகையை நடத்தினார். அதிலும் எடிட்டர் வேலைதான். பழைய பத்திரிகைகளிலும் புத்தகங்களிலும் புதைந்து கிடந்தவற்றைத் தேடி எடுத்துத் தொகுத்துப் போட்டார். 'உலகம் சுற்றும் தமிழன்' என்று பயண நூல் எழுதிய அந்த மனிதர், தம்மைப் பற்றிப் பேசுவதை மட்டும் கூடுமான வரை வெட்டித் தள்ளிவிட்டார். காந்திப் படம் எடுத்த கதையையே வயதான காலத்தில்தான் எழுதினார். அந்தக் கட்டுரைகள் அவர் காலத்துக்குப் பின் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்று நூலாக வந்திருக்கின்றன.

* * *

இத்தனையும் கேட்ட அக்கா, "அது சரி, அவரு பணம் சம்பாதிச்சாரா?" என்றாள்.

தாய் என்றால் தாய்தான். நான் மழுப்பவில்லை. இந்தத் தொழிலில் பங்களா கட்டியவர்கள் குறைவு. ஆனால் பிழைக்க முடியாத தொழில் அல்ல. முறையாகக் கற்றுக்கொள்ளப் புனாவில் 1960-லிருந்து பிலிம் இன்ஸ்டிடியூட் இருக்கிறது. சென்னை தரமணியிலும் சர்க்கார் நடத்தும் இன்ஸ்டிடியூட்டில் படத்தொகுப்புப் பாடம் உண்டு. கதைப் படம், விளம்பரம், டெலிவிஷன் என்று வெட்டி ஒட்டுவதற்கு ஆள் வேண்டிய இடம் இப்போது எத்தனையோ. அந்த வருமானத்தில் வீட்டை நடத்திக்கொண்டு, மிச்ச நேரத்தில் டாகுமெண்டரி செய்கிறவர்களே அதிகம். இதைத்தான் அக்காவிடம் சொன்னேன். அவள் பாதி சமாதானம் ஆனாள்.

ஆனால் விவகாரம் சம்பளத்தில் இல்லை. அதைப் பையன் என்னை மாடிக்கு அழைத்துப் போய் அவன் படத்தைப் போட்டுக் காட்டியபோதுதான் தெரிந்துகொண்டேன்.

அவன் 11 மணி நேரம் படம் பிடித்து வைத்திருந்தான். 40 நிமிஷமாக்க வேண்டும். பாலாற்றுக் கதை. ஆவாரம் பட்டையிலும் கடுக்காயிலும் தோல் ஊறிய காலம் ஒன்று இருந்தது. அப்படிப் பதனிட்ட தோல் கப்பலேறி லண்டனுக்குப் போயிற்று. 1970-களில், பாதி பதனிட்ட தோலை அனுப்புவதற்குக் கட்டுப்பாடு வந்தது. முழுதும் பக்குவப்படுத்தி, செருப்பாகவும் ஷூவாகவும் செய்து அனுப்பு என்றார்கள். வேலை பெருகியது, பெண்களுக்கு வேலை கிடைத்தது, குரோமியம் உப்பும் பெருகியது. கழிவு ஆற்றுக்குப் போயிற்று. வேலூர்க் குடிமக்கள் நல மன்றம் வழக்குப் போட்டு, 1996 ஆகஸ்டு 28-ம் தேதி சுப்ரீம் கோர்ட் தீர்ப்புச் சொன்னது. கெடுத்தவனே ஈடு கட்ட வேண்டும் என்றது. ஒவ்வொரு தோல் தொழிற்சாலைக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்தது. 2025 ஜனவரியிலும் அதே ஆற்றுக்காக அதே கோர்ட் மறுபடி உத்தரவு போட வேண்டியிருந்தது.

இவற்றையெல்லாம் பையன் அழகாக அடுக்கியிருந்தான். ஆனால் படத்துக்கு உயிர் வேறோர் இடத்தில் இருந்தது. நாலு நிமிஷம். அதில் பேசுகிறவர் அவன் அப்பா.

வீட்டு வாசற்படியில் உட்கார்ந்து பேசுகிறார். சின்ன வயசில் பாலாற்று மணலைக் கையால் தோண்டி ஊற்றுத் தண்ணீர் குடித்ததைச் சொல்கிறார். குரல் சந்தோஷமாக இருக்கிறது. பிறகு கொஞ்சம் பேசாமல் இருக்கிறார். ஒரு மழைக்கால ராத்திரி, மேலே இருந்து வந்த உத்தரவுப்படி, தானே போய்த் தொட்டி வால்வைத் திறந்து கழிவை மழைத் தண்ணீரோடு ஆற்றில் விட்டதைச் சொல்கிறார். சொல்லிவிட்டு இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்துக்கொள்கிறார். அவ்வளவுதான்.

எந்தத் தொழிற்சாலை என்று அவர் சொல்லவில்லை. நானும் சொல்லப் போவதில்லை. ஆனால் ஊருக்குள் படம் ஓடினால் தெரியாமலா போகும்? அவர் இன்னும் சம்பளத்துக்குப் போய்வருகிற மனிதர்.

"அந்த நாலு நிமிஷத்தை வெட்டிடுன்னு அம்மா சொல்றாங்க, மாமா. வெட்டினா இது சர்க்கார் படம் மாதிரி ஆயிடும். வெட்டலைன்னா அப்பாவுக்கு வேலை போயிடும். நீங்களே சொல்லுங்க" என்றான் பையன்.

நேயர்களே, நீங்கள் என்ன சொல்லியிருப்பீர்கள்? எனக்குச் சட்டென்று வாய் வரவில்லை. உண்மையை வெட்டாதே என்று பத்திரிகைக்காரன் உபதேசம் செய்வது சுலபம். மாதக் கடைசியில் அரிசி வாங்குவது நான் அல்லவே! ஆகவே பேசியவரையே கேட்போம் என்று அக்கா வீட்டுக்காரரை மாடிக்கு அழைத்து வந்தோம்.

அவர் அந்த நாலு நிமிஷத்தை இரண்டு தடவை பார்த்தார். தோலை மேஜையில் விரித்து உள்ளங்கையால் தடவிப் பார்ப்பாரே, அந்த மாதிரி பார்த்தார். பிறகு நிதானமாகச் சொன்னார்:

"நான் சொன்னது நெஜம். ஓட்டை இருக்குற தோலை ஓட்டை இல்லேன்னு அடுக்குனா நான் தரம் பிரிக்குற ஆளே இல்ல. வெட்ட வேணாம். ஆனா எனக்கு இன்னும் 14 மாசம் சர்வீஸ் இருக்கு. அதுவரைக்கும் பொறுத்துக்கோ. இன்னொண்ணு, அந்தச் சம்பளத்துலதான் நீ காலேஜுக்குப் போனே. அதையும் படத்துல சொல்லு. சொல்லாம விட்டா அதுவும் பொய்தான்."

பையன் ஒன்றும் பேசவில்லை. அந்த ராத்திரியே உட்கார்ந்து, மிகவும் ஆசைப்பட்டு எடுத்திருந்த ஒரு சூரியாஸ்தமனத்தை வெட்டினான். அந்த இடத்தில், சாயங்காலம் ஷூ கம்பெனி கேட்டிலிருந்து நூற்றுக்கணக்கான பெண்கள் சாப்பாட்டுப் பையோடு சிரித்துக்கொண்டு வெளியே வருகிற காட்சியை ஒட்டினான். படம் இப்போது 43 நிமிஷம். 14 மாதம் உறங்கப் போகிறது. செட்டியாரின் படம் ஏழு வருஷம் காத்திருந்ததே என்று அவனுக்கு ஆறுதல் சொன்னேன்.

"காத்திருக்கட்டும் மாமா. காணாம மட்டும் போகக் கூடாது" என்றான். மூன்று பிரதி எடுத்து மூன்று இடத்தில் வைத்திருக்கிறான். ஒன்று என் வீட்டுப் பீரோவில் இருக்கிறது.

* * *

அவன் சொன்னதில் விஷயம் இருக்கிறது. செட்டியார் அத்தனை பாடுபட்டு எடுத்த படம் பின்னால் காணாமலே போய்விட்டது. இந்த நூற்றாண்டின் ஆரம்ப வருஷங்களில், சரித்திர ஆசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடு தேடென்று தேடி, ஆங்கிலப் பதிப்பின் பிரதி ஒன்று அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் இருப்பதைக் கண்டுபிடித்தார். 1940-ல் தமிழ் ஜனங்கள் பார்த்த, தமிழ் பேசிய அந்த 12,000 அடி நம் கையில் இல்லை.

வேலூர் நடராஜ முதலியாரின் படமும் இல்லை. ஏன் இப்படி? பழைய பிலிம் ஒன்றுக்கும் ஆகாது என்று நினைத்தார்கள். அதைக் கழுவி வெள்ளியைப் பிரித்து விற்றார்கள். சில படங்கள் கோடவுனில் எரிந்து போயின. பல படங்கள் வெப்பத்தில் ஒட்டிக்கொண்டு கூழாயின. 1964-ல் புனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் ஆரம்பிப்பதற்குள்ளேயே எவ்வளவோ போய்விட்டது.

1920 ஆகஸ்டில் காந்திஜி ஷௌகத் அலியோடு ஆம்பூருக்கு வந்து பேசினார். அதைக் கண்ணால் பார்த்தவர்கள் ஒருவரும் இன்று இல்லை. மனிதர் கண் மூடிய பிறகும் பார்த்ததைப் பார்த்தபடி சொல்லக்கூடிய ஒரே சாட்சி அந்தப் பிலிம் சுருள்தான். அதைத் தேடிப் பிடிப்பதும் பிரித்து அடுக்குவதும் பத்திரமாக வைப்பதும்தான் டாகுமெண்டரிக்காரன் வேலை. கத்தரிப்பது அதில் ஒரு சின்னப் பகுதி.

ஆகையால் நேயர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டுப் பரணிலோ, மூடிப் போன டூரிங் டாக்கீஸின் பின்கட்டிலோ, தாத்தாவின் டிரங்குப் பெட்டியிலோ வட்டமான தகர டப்பா ஏதாவது கிடக்கலாம். திறந்ததும் காடி நெடி அடித்தால் உள்ளே பிலிம் கெட்டுக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம், தாமதம் கூடாது. மிகப் பழைய பிலிமாக இருந்தால் தீக்குச்சி, அடுப்பு, வெயில் எதையும் பக்கத்தில் அண்டவிடாதீர்கள். பழைய சாமான்காரனிடம் எடைக்குப் போடுவதற்கு முன்னால் புனாவில் உள்ள காப்பகத்துக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். அல்லது இந்தப் பத்திரிகைக்கு எழுதினாலும் போதும். நான் புறப்பட்டு வருகிறேன்.

பெரும்பாலும் உள்ளே யாருடைய கல்யாண ஊர்வலமாவது இருக்கும். இருக்கட்டும், அதுவும் சரித்திரம்தான். ஆனால் எங்கேயாவது ஒரு டப்பாவில், 1940-ல் தமிழ்க் குரல் விளக்கம் சொல்ல, காந்திஜி நடந்துகொண்டிருக்கக் கூடும்.